வரி உத்தரவு வந்தால் உயர்நீதிமன்றமா, மேல்முறையீடா?

கடைக்கு ஜிஎஸ்டி உத்தரவு வந்துவிட்டது என்று தெரிந்த அன்று வீட்டில் எழும் முதல் பேச்சு பெரும்பாலும் இதுதான்: "ஹைகோர்ட்டில் ஒரு ரிட் போட்டு ஸ்டே வாங்கிவிடலாமே?" பக்கத்துக் கடைக்காரர் ஒருவருக்கு அப்படிக் கிடைத்திருக்கும். அல்லது மச்சானுக்குத் தெரிந்த ஒருவருக்குக் கிடைத்ததாகச் சொல்வார்கள். அதிகாரியிடமே திரும்பப் போவதைவிட நீதிபதி முன் போய் நிற்பது நல்லது என்று மனதுக்கும் தோன்றும்.

இந்த யோசனை சில நேரங்களில் சரி. பல நேரங்களில் தவறு. தவறாகப் போகும்போது வழக்குச் செலவு மட்டும் நஷ்டமாவதில்லை. மேல்முறையீடு செய்யும் காலக்கெடுவும் முடிந்துவிடுகிறது. அதன் பிறகு அந்த உத்தரவு சரியா தவறா என்று கேட்க ஆளே இல்லாமல் போகலாம். அதனால்தான் இதைச் சற்று விரிவாக எழுதுகிறோம். கடை நடத்துபவர்கள் மட்டுமல்ல, வளைகுடாவில் இருந்துகொண்டு ஊரில் வாப்பா பெயரிலோ தம்பி பெயரிலோ கடை வைத்திருக்கும் சகோதரர்களும், ஜமாஅத் அறக்கட்டளைகளின் கணக்கைப் பார்ப்பவர்களும் படிக்க வேண்டும் என்பது எங்கள் விருப்பம்.

இரண்டு வழிகளும் ஒன்றல்ல

வரி அதிகாரியின் உத்தரவுக்கு எதிராகச் சட்டமே ஒரு வழியைத் தந்திருக்கிறது. அது மேல்முறையீடு. ஜிஎஸ்டி சட்டத்தில் 107ஆவது பிரிவு. மேல்முறையீட்டு அதிகாரி உங்கள் பில்லைப் பார்ப்பார், வங்கிக் கணக்கைப் பார்ப்பார், இ-வே பில்லைப் பார்ப்பார், சரக்கு உண்மையில் வந்ததா என்று கேட்பார். கீழே இருந்த அதிகாரி கணக்கைத் தவறாகப் போட்டிருந்தால் திருத்துவார்.

மற்றொன்று ரிட் மனு. அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவு உயர்நீதிமன்றத்துக்குக் கொடுத்திருக்கும் அதிகாரம் இது. இங்கே நீதிபதி பார்ப்பது உங்கள் கணக்கு சரியா என்பதை அல்ல. அதிகாரி நடந்துகொண்ட முறை சரியா என்பதைத்தான். அவருக்கு அந்த உத்தரவைப் போட அதிகாரம் இருந்ததா, நோட்டீஸ் கொடுத்தாரா, பேச வாய்ப்புக் கொடுத்தாரா, காரணம் எழுதினாரா என்பவையே அங்கே கேள்விகள்.

ஓர் எடுத்துக்காட்டு சொல்கிறோம். நீங்கள் சரக்கு வாங்கிய மொத்த வியாபாரி தன் கணக்கைத் தாக்கல் செய்யவில்லை. அதனால் உங்கள் உள்ளீட்டு வரிக் கழிவு போர்டலில் தெரிவதோடு ஒத்துப்போகவில்லை. அதிகாரி வரி கேட்கிறார். இதில் உங்கள் பக்கம் நியாயம் இருக்கலாம். 2017-18, 2018-19 ஆண்டுகளுக்கு இப்படிப்பட்ட வேறுபாடு இருந்தால், விற்றவரிடமிருந்தே ஒரு சான்று வாங்கிக் கொடுக்கலாம் என்றும், ஒரே விற்பனையாளரின் வேறுபாடு 5 லட்சம் ரூபாயைத் தாண்டினால் பட்டயக் கணக்காளரின் சான்று வேண்டும் என்றும் 2022 டிசம்பரில் மத்திய வரி வாரியம் சுற்றறிக்கையே விட்டது. ஆனால் அந்தச் சான்று சரியா, பணம் வங்கி மூலம் போனதா, சரக்கு வந்ததா என்பதெல்லாம் ஒவ்வொரு தாளாகப் பார்க்க வேண்டிய சமாச்சாரம். இதை உயர்நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனால், "மேல்முறையீட்டுக்குப் போங்கள்" என்று திருப்பி அனுப்பவே வாய்ப்பு அதிகம். மாதங்கள் போயிருக்கும்.

மேல்முறையீடு இருக்கும்போது நீதிமன்றம் ஏன் தலையிடுவதில்லை?

உயர்நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்பதல்ல காரணம். அதிகாரம் உண்டு, ஆனால் தானாகவே கையைக் கட்டிக்கொள்கிறது. இந்த வேறுபாட்டை விளக்கும் பழைய வழக்கு ஒன்றில் முஹம்மது நூஹ் என்ற காவலர் சம்பந்தப்பட்டிருக்கிறார். உத்தரப் பிரதேசக் காவல்துறையில் அவர் மீது துறை விசாரணை நடந்தது. விசாரணை நடத்திய அதிகாரிக்கு எதிராக ஒரு சாட்சி பேச்சை மாற்றிவிட்டார். உடனே அந்த அதிகாரி தன் இருக்கையிலிருந்து இறங்கித் தானே சாட்சி சொன்னார். பிறகு மறுபடி இருக்கையில் ஏறி உட்கார்ந்து, தன் சாட்சியத்தைத் தானே நம்பி, நூஹைப் பணிநீக்கம் செய்தார்!

மேல்முறையீடு இருக்கும்போது ரிட் கூடாது என்பது சட்டம் விதித்த தடையல்ல. நீதிமன்றங்கள் வசதி கருதித் தமக்குத் தாமே வகுத்துக்கொண்ட கொள்கைதான் என்று அந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. அடிப்படை நியாயமே மீறப்பட்டால் அந்தக் கொள்கையைத் தாண்டலாம் என்றது. வருத்தம் என்னவென்றால், முஹம்மது நூஹுக்கு வெற்றி கிடைக்கவில்லை. அவருடைய பணிநீக்கம் அரசமைப்புச் சட்டம் நடைமுறைக்கு வருவதற்கு முந்தையது, அதற்கு 226ஆவது பிரிவு பொருந்தாது என்று சொல்லிவிட்டார்கள். அவர் தோற்ற வழக்கைக் காட்டி அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக மற்றவர்கள் நிவாரணம் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

2023 பிப்ரவரியில் கோத்ரெஜ் சாரா லீ வழக்கிலும் உச்ச நீதிமன்றம் இதையே வேறு விதமாகச் சொன்னது. ரிட் மனு போட முடியுமா என்பது ஒரு கேள்வி. போட்ட மனுவை நீதிமன்றம் எடுத்து விசாரிக்குமா என்பது வேறு கேள்வி. மேல்முறையீடு இருக்கிறது என்ற ஒரே காரணத்துக்காக மனுவே செல்லாது என்று உயர்நீதிமன்றம் தள்ளக் கூடாது. ஆனால் விசாரிக்க மறுப்பது நீதிபதியின் விருப்புரிமை.

எப்போது ரிட் சரியான வழி?

2021 ஏப்ரலில் ராதா கிருஷன் இண்டஸ்ட்ரீஸ் என்ற இமாசலப் பிரதேச நிறுவனத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றம் விதிவிலக்குகளைத் தொகுத்துச் சொன்னது. அடிப்படை உரிமை பாதிக்கப்பட்டால், இயற்கை நீதி மீறப்பட்டால், அதிகாரமே இல்லாமல் நடவடிக்கை எடுக்கப்பட்டால், சட்டமே செல்லாது என்று வழக்காடினால் மேல்முறையீடு இருந்தாலும் ரிட் போகலாம்.

அந்த நிறுவனத்துக்கு வர வேண்டிய பணத்தை, வரி விதிப்பு முடியும் முன்பே, ஜிஎஸ்டி சட்டத்தின் 83ஆவது பிரிவின்கீழ் அதிகாரிகள் முடக்கியிருந்தார்கள். மேல்முறையீடு செய்துகொள்ளுங்கள் என்று உயர்நீதிமன்றம் அனுப்பிவிட்டது. உச்ச நீதிமன்றமோ, அந்த முடக்க உத்தரவுக்கு மேல்முறையீடே கிடையாது, இது கடுமையான அதிகாரம், கண்ணை மூடிக்கொண்டு பயன்படுத்தக் கூடாது என்று சொல்லி உத்தரவை ரத்து செய்தது. வங்கிக் கணக்கு முடங்கி நிற்கும் வியாபாரிகள் இதைக் கவனிக்க வேண்டும். வரி உத்தரவு வந்து, அதைக் கட்டாததால் வங்கிக்கு வசூல் நோட்டீஸ் போவது ஒன்று. உத்தரவே வராத நிலையில் தற்காலிகமாக முடக்குவது வேறு. இரண்டாவதற்கு ரிட் பொருத்தமான வழி. உங்கள் வங்கிக்குப் போன கடிதம் எந்தப் படிவத்தில் இருக்கிறது என்று பாருங்கள். டிஆர்சி-22 என்றால் தற்காலிக முடக்கம், டிஆர்சி-13 என்றால் வசூல்.

சட்டத்தையே எதிர்ப்பதற்கு மோஹித் மினரல்ஸ் வழக்கு நல்ல எடுத்துக்காட்டு. கப்பலில் வரும் சரக்கின் கட்டணத்துக்கு இறக்குமதியாளர் தனியாக ஜிஎஸ்டி கட்ட வேண்டும் என்ற அறிவிக்கையை அந்த நிறுவனம் குஜராத் உயர்நீதிமன்றத்தில் ரிட் மூலம் எதிர்த்தது. 2022 மே மாதம் உச்ச நீதிமன்றத்திலும் வென்றது. மேல்முறையீட்டு அதிகாரியால் அரசின் அறிவிக்கையைச் செல்லாது என்று சொல்ல முடியாது. அதைச் சொல்ல நீதிமன்றம்தான் வேண்டும்.

இதற்கு நேரெதிரான வழக்கும் அதே 2021இல் செப்டம்பர் மாதம் வந்தது. கமர்ஷியல் ஸ்டீல் என்ற நிறுவனத்தின் லாரியை ஹைதராபாத் பகுதியில் மறித்து, பில்லில் உள்ள இடத்துக்குப் போகாமல் வேறு இடத்தில் நிற்கிறது என்று வரியும் அபராதமும் வசூலித்தார்கள். தெலங்கானா உயர்நீதிமன்றம் பணத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. லாரி ஏன் அங்கே நின்றது என்பது உண்மை நிலவரம் பற்றிய கேள்வி. 107ஆவது பிரிவில் மேல்முறையீடு இருக்கிறது. அங்கே போங்கள் என்றது. இரண்டு தீர்ப்புகளையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் நீதிமன்றத்தின் மனம் எப்படி வேலை செய்கிறது என்பது புரியும்.

நம் ஊர்க் கடைகளுக்கு அதிகம் பொருந்துவது இயற்கை நீதி என்ற விதிவிலக்குதான். ஜிஎஸ்டி சட்டத்தின் 75ஆவது பிரிவு, ஒருவருக்குப் பாதகமான முடிவு எடுக்கப்போகும்போது, அவர் எழுதிக் கேட்காவிட்டாலும், நேரில் பேச வாய்ப்புத் தர வேண்டும் என்கிறது. நோட்டீஸில் கேட்ட தொகையைவிட அதிகமாக உத்தரவில் போடக் கூடாது, நோட்டீஸில் இல்லாத காரணத்தை உத்தரவில் புதிதாகச் சொல்லக் கூடாது என்றும் அதே பிரிவு சொல்கிறது. நீங்கள் பத்துப் பக்கம் பதில் கொடுத்து, உத்தரவில் "பதில் திருப்தியாக இல்லை" என்று ஒரே வரி இருந்தால், அதுவும் குறைபாடுதான். உத்தரவை வாங்கியதும் தொகையைப் பார்த்துப் பதறுவதற்கு முன் இவற்றைப் பாருங்கள்.

மூன்று மாதம், அதற்கு மேல் ஒரு மாதம்

இனிச் சொல்லப்போவதுதான் இந்தக் கட்டுரையிலேயே முக்கியம். ஜிஎஸ்டி உத்தரவு உங்களுக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து 3 மாதத்துக்குள் மேல்முறையீடு செய்ய வேண்டும். தகுந்த காரணம் இருந்தால் அதிகாரி இன்னும் 1 மாதம் தரலாம். அதற்கு மேல் ஒரு நாள் தரவும் அவருக்கு அதிகாரம் இல்லை. உம்ராவுக்குப் போயிருந்தோம், ஆடிட்டர் சொல்லவில்லை, உம்மாவுக்கு ஆபரேஷன் என்பதெல்லாம் அந்த நான்கு மாதத்துக்குள் மட்டுமே எடுபடும்.

ரிட் மனு போட்டால் இந்தக் காலம் தானாக நிற்காது. இதைத்தான் பலர் அறியாமல் இருக்கிறார்கள். பிப்ரவரி 10 அன்று உத்தரவு வந்தது என்று வைத்துக்கொள்வோம். மே 10 வரை மேல்முறையீட்டுக் காலம். ஜூன் 10 வரை கூடுதல் மாதம். மே மாதம் வக்கீலைப் பார்த்து, ஜூலையில் ரிட் போட்டு, செப்டம்பரில் மனு தள்ளுபடியானால் அதற்குப் பிறகு எங்கே போவது? "மேல்முறையீடு செய்யுங்கள், காலதாமதத்தைப் பார்க்காமல் ஏற்க வேண்டும்" என்று நீதிபதி எழுதித் தருவதுண்டு. குறிப்பாக, மேல்முறையீட்டுக் காலத்துக்குள்ளேயே ரிட் போட்டவர்களுக்கு அப்படி நிவாரணம் கிடைக்கிறது. ஆனால் அது நீதிபதி தருவது. நாம் உரிமையாகக் கேட்டு வாங்க முடியாது.

காலம் தவறிய பிறகு உயர்நீதிமன்றம் போனால் என்ன ஆகும் என்பதற்கு கிளாக்சோ ஸ்மித்கிளைன் வழக்கைச் சொல்ல வேண்டும். ஆந்திரத்தில் 2017 ஜூனில் அந்த நிறுவனத்துக்கு மதிப்புக்கூட்டு வரி உத்தரவு வந்தது. மேல்முறையீடு செய்ய 30 நாள், கூடுதலாக 30 நாள். அவர்கள் மேல்முறையீடு செய்தது 2018 செப்டம்பரில். கணக்கைப் பார்த்த அலுவலர் ஒருவர் செய்த தவறு என்று காரணம் சொன்னார்கள். உயர்நீதிமன்றம் இரக்கப்பட்டு வரி உத்தரவை ரத்து செய்தது. 2020 மே 6 அன்று உச்ச நீதிமன்றம் அதை ஏற்க மறுத்தது. சட்டம் வைத்த கெடுவைத் தூங்கிக் கழித்துவிட்டு, பிறகு ரிட் என்ற பெயரில் அதைத் தாண்டிவர விடுவது சட்டமன்றத்தின் நோக்கத்தையே வீணாக்கும் என்பது தீர்ப்பின் சாரம். அத்தனை பெரிய நிறுவனத்துக்கே இந்த நிலை என்றால், கணக்குப் பிள்ளை ஒருவரை நம்பி நடக்கும் கடைகளின் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை.

நோட்டீஸே பார்க்கவில்லை என்றால்?

சென்னை உயர்நீதிமன்றத்துக்கும் அதன் மதுரை அமர்வுக்கும் வந்த ஜிஎஸ்டி மனுக்களில் பெரும்பகுதி இந்த ரகம். நோட்டீஸ் போர்டலில் ஏற்றப்பட்டிருக்கும். அதுவும் முதலில் 'கூடுதல் நோட்டீஸ்கள்' என்ற தனி இடத்தில் போய்க் கிடந்தது. வழக்கமாகப் பார்க்கும் இடத்தில் தெரியாது. கடைக்காரர் போர்டலைத் திறப்பதே இல்லை, கடவுச்சொல் கணக்காளரிடம். பதிவு செய்த செல்பேசி எண்ணும் கணக்காளருடையது, அவரும் எப்போதோ மாறிப்போனவர். பதில் இல்லாமலே ஒருதலைப்பட்சமாக உத்தரவு போய், வங்கி கணக்கை முடக்கிய பிறகுதான் வீட்டுக்கே விஷயம் தெரிகிறது.

போர்டலில் ஏற்றுவது 169ஆவது பிரிவு அனுமதிக்கும் சார்பு முறைகளில் ஒன்று. நேரில் தருவது, பதிவுத் தபால், மின்னஞ்சல் ஆகியவையும் அதே பிரிவில் இருக்கின்றன. போர்டலில் ஏற்றியது மட்டும் போதுமா என்பதில் சென்னை உயர்நீதிமன்றத்தின் தீர்ப்புகளே ஒரே மாதிரி இல்லை. போதும் என்றும் தீர்ப்பு உண்டு. பதில் வரவில்லை என்று தெரிந்த பிறகும் தபால் போன்ற வேறு வழியை முயலாமல் இயந்திரம்போல உத்தரவு போடுவது சரியல்ல என்று 2025இல் வந்த பல உத்தரவுகளும் உண்டு.

நடைமுறையில் நீதிமன்றம் ஒரு நடுவழியைக் கைக்கொண்டிருக்கிறது. ஒருதலைப்பட்சமான உத்தரவை ரத்து செய்து, வியாபாரிக்கு மறுபடி பதில் சொல்ல வாய்ப்புத் தந்து, அதிகாரியிடமே திருப்பி அனுப்புகிறது. அதற்கு நிபந்தனையாக, தகராறில் உள்ள வரியில் ஒரு பங்கைக் கட்டச் சொல்கிறது. தொடக்கத்தில் பல வழக்குகளில் 10 விழுக்காடு என்றிருந்தது. பின்னர் பலவற்றில் 25 விழுக்காடு என்றாகியிருக்கிறது. இங்கே கணக்கு ஒன்று போட்டுப் பார்க்கலாம். தகராறில் உள்ள வரி 6 லட்சம் ரூபாய் என்றால், 107ஆவது பிரிவு மேல்முறையீட்டுக்கு முன்பணம் 60,000 ரூபாய். ரிட்டில் 25 விழுக்காடு என்று வந்தால் 1,50,000 ரூபாய். வக்கீல் செலவு தனி. ஸ்டே வாங்கினால் பணம் கட்ட வேண்டாம் என்று எண்ணி ரிட் போனவர், மேல்முறையீட்டுக்குக் கட்டியிருக்க வேண்டியதைப்போல இரண்டரை மடங்கு கட்டும் நிலையும் வரும்.

முன்பணம் பற்றி ஒரு விளக்கம். உத்தரவில் வரி, வட்டி, அபராதம் மூன்றும் சேர்ந்து பெரிய தொகையாகத் தெரியும். மேல்முறையீட்டுக்கு 10 விழுக்காடு என்பது தகராறில் உள்ள வரியின்மீது மட்டும்தான். நீங்களே ஒப்புக்கொள்ளும் பகுதி இருந்தால் அதை முழுதாகக் கட்ட வேண்டும். அபராதம் மட்டுமே உள்ள உத்தரவுகளுக்கு இப்போது தனிக் கணக்கு உண்டு. முன்பணம் கட்டி மேல்முறையீடு ஏற்கப்பட்டால் மீதித் தொகைக்கான வசூல் தானாகவே நிற்கும். தனியாக ஸ்டே கேட்க வேண்டியதில்லை. பலருக்கு இதுவே தெரியாததால்தான் ஸ்டேக்காக உயர்நீதிமன்றத்துக்கு ஓடுகிறார்கள். வென்றால் கட்டிய முன்பணம் திரும்பக் கிடைக்கும். தோற்றால், கட்டாமல் நின்ற வரிக்கு ஆண்டுக்கு 18 விழுக்காடு வரை வட்டி ஏறியிருக்கும். வட்டி என்றாலே ஒதுங்கி நிற்கும் நம் மக்கள் இந்த மீட்டரையும் மறந்துவிடக் கூடாது.

மேல்முறையீட்டிலும் தோற்றால் அடுத்தது ஜிஎஸ்டி மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம். 2017இல் சட்டம் வந்தும் பல ஆண்டுகள் இந்தத் தீர்ப்பாயம் காகிதத்தில்தான் இருந்தது. அதனால் இரண்டாம் கட்டத்தில் உயர்நீதிமன்றம் போவதைத் தவிர வழியில்லை, நீதிமன்றங்களும் ஏற்றுக்கொண்டன. 2025 செப்டம்பரில் தீர்ப்பாயம் தொடங்கி வைக்கப்பட்டது. ஆகவே "தீர்ப்பாயம் இல்லை, அதனால் ரிட்" என்ற பழைய வாதம் இனி நிற்காது.

பதிவு ரத்தானவர்களுக்குச் சென்னை நீதிமன்றம் காட்டிய வழியையும் இங்கே குறிப்பிட வேண்டும். கொரோனா காலத்தில் கணக்குத் தாக்கல் செய்யாமல் ஜிஎஸ்டி பதிவை இழந்தவர்கள் ஏராளம். மேல்முறையீட்டுக் காலமும் போய்விட்டது. 2022 ஜனவரி 31 அன்று சுகுணா கட்பீஸ் சென்டர் வழக்கில், நிலுவைக் கணக்குகளைத் தாக்கல் செய்து வரி, வட்டி, தாமதக் கட்டணம் கட்டினால் பதிவை மீட்டுத் தர வேண்டும் என்று உயர்நீதிமன்றம் உத்தரவிட்டது. பதிவு இல்லாமல் வியாபாரமே செய்ய முடியாது, அவர்களை முறையான வணிகத்துக்கு வெளியே தள்ளுவதால் அரசுக்கும் லாபமில்லை என்ற பார்வை அது. அதன் பின் எத்தனையோ சிறு கடைகள் அதே அடிப்படையில் பதிவை மீட்டிருக்கின்றன. காலம் தவறிய ரிட் எல்லாமே வீண் என்று சொல்ல முடியாததற்கு இது சான்று. ஆனால் வரித் தொகையை மறுக்கும் வழக்கும் பதிவை மீட்கும் வழக்கும் ஒன்றல்ல என்பதையும் கவனியுங்கள்.

மவ்த்தானவர் பெயரில் உத்தரவு

குடும்பங்கள் அதிகம் தடுமாறும் இடம் இது. வாப்பா இறந்துவிட்டார், கடையை மூடிவிட்டார்கள், ஜிஎஸ்டி பதிவை ரத்து செய்ய யாருக்கும் தோன்றவில்லை. இரண்டு ஆண்டு கழித்து அவர் பெயரில் நோட்டீஸ் போர்டலில் ஏறுகிறது, உத்தரவும் வருகிறது.

இறந்தவருக்கு நோட்டீஸ் அனுப்பி அவர்மீதே உத்தரவு போடுவது செல்லாது என்று உயர்நீதிமன்றங்கள் பல முறை சொல்லியிருக்கின்றன. வருமான வரி வழக்கு ஒன்றில் சென்னை உயர்நீதிமன்றம் 2018இல், இறந்தவருக்கு அனுப்பிய நோட்டீஸை ரத்து செய்ததோடு, இறப்பை வருமான வரித் துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என்று வாரிசுகளுக்குச் சட்டம் கடமை எதுவும் விதிக்கவில்லை என்றும் கூறியது. இங்கே ரிட் சரியான வழி. ஏனென்றால் இது கணக்குத் தகராறு அல்ல. நடவடிக்கையின் அடித்தளமே இல்லை.

ஆனால் உத்தரவு ரத்தானால் பொறுப்பும் போய்விட்டது என்று எண்ண வேண்டாம். வாரிசுகளுக்கு முறையாக நோட்டீஸ் கொடுத்து, கெடு மீறாமல் இருந்தால், துறை மறுபடி தொடங்கலாம். ஜிஎஸ்டி சட்டத்தின் 93ஆவது பிரிவுப்படி, கடையை வாரிசுகள் தொடர்ந்து நடத்தினால் அவர்களே பொறுப்பு. கடையை நிறுத்திவிட்டால், இறந்தவர் விட்டுச் சென்ற சொத்து எவ்வளவோ அந்த அளவுக்கு மட்டும்தான் பொறுப்பு. வாரிசின் சொந்தச் சம்பாத்தியத்தைத் தொட முடியாது. மய்யித்தின் கடனை அடைத்த பிறகே பாகம் பிரிப்பது நம் மார்க்கம் சொல்லும் முறை. சொத்தைப் பிரிக்க உட்காரும்போது கடன்காரர்கள் யார் என்று கேட்கிறோம். அவருடைய ஜிஎஸ்டி, வருமான வரிக் கணக்குகளையும் அன்றே ஒருமுறை திறந்து பார்த்துவிட்டால், பின்னால் அண்ணன் தம்பிகளுக்குள் மனக்கசப்பு வராது.

வருமான வரியும் ஜமாஅத் அறக்கட்டளைகளும்

வருமான வரியில் முதல் மேல்முறையீட்டுக்குக் காலம் 30 நாள்தான். ஆனால் ஒரு நிம்மதி: தகுந்த காரணம் காட்டினால் எவ்வளவு தாமதத்தையும் மன்னிக்க அந்த மேல்முறையீட்டு ஆணையருக்கு அதிகாரம் உண்டு. ஜிஎஸ்டியில் உள்ளதைப் போல ஒரு மாத உச்சவரம்பு இல்லை. அதனாலேயே வருமான வரி வழக்குகளில் "காலம் போய்விட்டது, ரிட் தவிர வழியில்லை" என்ற வாதம் எடுபடுவது கடினம். 2013இல் உச்ச நீதிமன்றம், மேல்முறையீடு செய்யாமல் நேராக ரிட் வந்த ஒருவருக்கு உயர்நீதிமன்றம் தந்த நிவாரணத்தையே நீக்கியது. 2026 ஏப்ரல் 1 முதல் புதிய வருமான வரிச் சட்டம் நடைமுறைக்கு வருவதால் பிரிவு எண்கள் மாறுகின்றன. அதனால் இங்கே எண்களைச் சொல்லாமல் விடுகிறோம்.

மதரஸா, அநாதை இல்லம், பள்ளிவாசல் நிர்வாகம் ஆகியவற்றை நடத்தும் அறக்கட்டளைகளுக்கு அடிக்கடி வரும் சிக்கல், தணிக்கை அறிக்கையைக் கெடுவுக்குள் இணையத்தில் ஏற்றாமல் விடுவது. அறிக்கை தயாராக இருந்தும் செயலாளரோ ஆடிட்டரோ சில வாரம் தவறியதால், முழு ஆண்டின் நன்கொடை வருமானத்துக்கும் வரி கேட்டு வந்துவிடும். இதற்கு நேராக நீதிமன்றம் போக வேண்டியதில்லை. தாமதத்தை மன்னிக்கக் கோரி ஆணையரிடம் மனு கொடுக்கலாம். ஆணையர் அந்த மனுவை நிராகரித்தால், அந்த நிராகரிப்புக்கு மேல்முறையீடு கிடையாது. அப்போது உயர்நீதிமன்றம் போவது தவறே இல்லை. இருப்பதே அந்த வழிதான். அறப்பணி செய்யும் அமைப்புகளின் சிறு தாமதத்தைப் பெரிதுபடுத்தக் கூடாது என்று பல உயர்நீதிமன்றங்கள் நிவாரணம் தந்திருக்கின்றன. மாறாக, அறக்கட்டளையின் பதிவையே மறுத்தாலோ ரத்து செய்தாலோ, வருமான வரித் தீர்ப்பாயத்துக்கு மேல்முறையீடு உண்டு. அங்கேதான் முதலில் போக வேண்டும்.

வக்கீலைப் பார்க்கப் போகும்போது

உத்தரவின் நகல் மட்டும் எடுத்துக்கொண்டு போவதில் பயனில்லை. நோட்டீஸ், அதற்கு நீங்கள் கொடுத்த பதில், நேரில் வரச் சொன்ன கடிதங்கள், வங்கிக்குப் போன நோட்டீஸ் எல்லாம் வேண்டும். ரிட்டா மேல்முறையீடா என்பதை முடிவு செய்வது இந்தத் தாள்கள்தான், தொகை அல்ல. உத்தரவு போர்டலில் ஏறிய தேதி தெரியும்படி ஒரு படமும் எடுத்துக்கொள்ளுங்கள். காயல்பட்டினம், கீழக்கரை, அதிராம்பட்டினம் போன்ற தென்பகுதி ஊர்களின் வழக்குகள் மதுரை அமர்வுக்குப் போகும். ஆம்பூர், வாணியம்பாடி, கோவைப் பக்கத்து வழக்குகள் சென்னைக்கு.

ஏற்கெனவே மேல்முறையீடு போட்டிருந்தால் அதை வக்கீலிடம் மறைக்க வேண்டாம். அங்கே ஒன்று, இங்கே ஒன்று என்று இரண்டு இடத்திலும் ஒரே நிவாரணத்தைக் கேட்டுக்கொண்டிருந்தால், அது தெரியவரும் நாளில் மனு தள்ளுபடியாகும். ரிட் போடலாம் என்று வக்கீல் சொன்னால் அவரிடம் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "107இல் கடைசி நாள் என்றைக்கு?" அந்தத் தேதியைக் கடைக் காலண்டரில் குறித்து வையுங்கள். அதற்குள் ரிட்டில் இடைக்கால உத்தரவு எதுவும் வராவிட்டால் என்ன செய்வது என்பதை அவரிடம் அன்றே பேசிவிட்டு வாருங்கள். வளைகுடாவில் இருப்பவர்கள் ஜிஎஸ்டி பதிவில் உள்ள மின்னஞ்சலும் செல்பேசி எண்ணும் இன்றும் தங்களுடையவைதானா என்று இந்த வாரமே போர்டலில் பார்த்துவிடலாம். மாற்றுவதற்குக் கட்டணம் எதுவும் இல்லை.